பிளான் பாஸாகவில்லையா? புதுக்கடைக்குப் போகுமுன்...

பட்டிப்பொலவுக்கு முன்பெல்லாம் ஒரே ஒரு பெருமைதான். இலங்கையிலேயே மிக உயரமான இடத்தில் இருக்கும் புகையிரத நிலையம் அது. ஆறாயிரம் அடிக்கு மேலே, மூடுபனிக்குள் ஒரு ஸ்டேஷன், பக்கத்தில் நாலைந்து கடை, லீக்ஸும் உருளைக்கிழங்கும் கரட்டும் ஏற்றும் லொறிகள். அவ்வளவே. ஹோட்டன் சமவெளிக்கும் அம்பேவெலப் பண்ணைக்கும் உல்லாசப் பயணிகள் வரத்தொடங்கிய பிறகு கதை மாறிவிட்டது. கீழே கடை, மேலே வாடகைக்கு நாலு அறை என்ற கணக்கு இன்று அந்தப் பாதையில் கடை வைத்திருக்கும் ஒவ்வொருவர் மனதிலும் ஓடுகிறது. நானுஓயாவிலும் நுவரெலியாவிலும் அட்டனிலும் இதே கணக்குத்தான்.

கணக்கில் பிழை இல்லை. லீக்ஸ் விலை ஒரு வாரம் ஏறும், மறுவாரம் ஏற்றுக்கூலிக்கும் காணாது. அறை வாடகை அப்படி அல்ல. ஆனால் கல்லும் மணலும் கம்பியும் இறக்கிய பிறகுதான் நம்மில் பலருக்குப் பிரதேச சபை என்று ஒன்று இருப்பது ஞாபகம் வருகிறது. முதலிலேயே விண்ணப்பம் போட்டவருக்கும் நிம்மதி இல்லை. மாதக்கணக்கில் காத்திருக்க வைத்து, கடைசியில் இரண்டு வரியில் ஒரு கடிதம் வரும்.

எனக்குத் தெரிந்த இளம் வியாபாரி ஒருவர். பெயர் வேண்டாம். பட்டிப்பொலப் பக்கம் பன்னிரண்டு பேர்ச் காணி வாங்கி, மனைவியின் நகையை அடகு வைத்து, மிச்சத்துக்கு வங்கியில் கடன் எடுத்துக் கட்ட நினைத்தவர். விண்ணப்பம் போட்டுப் பதினொரு மாதம் கழித்து அவருக்கு வந்த கடிதத்தில் இருந்தது இவ்வளவுதான்: விண்ணப்பத்தை அனுமதிக்க முடியாது. காரணம் இல்லை. கடிதத்தை எடுத்துக்கொண்டு என்னிடம் வந்தார்.

“நானா, சபையில பிளான் பாஸ் பண்றாங்க இல்ல. புதுக்கடைல ஒரு கேஸ் போட்டா கோர்ட்டு பாஸ் பண்ணிக் குடுக்குமா?”

குடுக்காது தம்பி என்றேன். அவர் முகம் சுருங்கியது. ஆனால் இந்த ஒரு விஷயத்தை விளங்கிக்கொள்ளாமல் வழக்குக்குப் போய்ப் பணத்தைக் கரைத்தவர்களை நான் முப்பது வருஷமாகக் கடையில் இருந்து பார்த்துக்கொண்டிருக்கிறேன். அதற்காகத்தான் இந்த வாரம் இதை எழுதுகிறேன்.

முதலில் சட்டம். நமது நாட்டில் கட்டட அனுமதிக்கு அடிப்படை, 1915ஆம் ஆண்டின் 19ஆம் இலக்க வீடமைப்பு, நகர மேம்பாட்டுக் கட்டளைச் சட்டம். (1915 என்றால் நமது சமூகத்துக்கு வேறு ஒரு காரணத்தால் ஞாபகம் இருக்கும். இது அதே வருஷம்தான்.) தவிசாளர் வரைபடத்தை எழுத்தில் அங்கீகரிக்காமல் கட்டடம் எழுப்பக்கூடாது என்பது அதன் சாரம். அதற்கு மேல் 1978ஆம் ஆண்டின் 41ஆம் இலக்க நகர அபிவிருத்தி அதிகார சபைச் சட்டம் வந்தது. உங்கள் காணி அந்தச் சட்டத்தின் கீழ் வர்த்தமானியில் அறிவிக்கப்பட்ட பிரதேசத்துக்குள் இருந்தால், அபிவிருத்தி அனுமதிப்பத்திரம் வேண்டும். அதைப் பெரும்பாலும் அதே தவிசாளர்தான் அதிகார சபை ஒப்படைத்த அதிகாரத்தின் பேரில் தருகிறார். ஆகவே ஒரே மேசையில் இருந்து வரும் கடிதத்துக்குப் பின்னால் இரண்டு சட்டங்கள் இருக்கலாம். எந்தச் சட்டம் என்பது முக்கியம். பிரதேச சபை தனது சொந்த அதிகாரத்தில் எடுத்த முடிவு என்றால் மாகாண மேல் நீதிமன்றத்துக்கு எழுத்தாணை வழங்க அதிகாரம் இருக்கிறது. அது 13ஆவது திருத்தத்தோடு வந்த வழி. அதிகார சபைச் சட்டம் என்றால் கொழும்பில் மேன்முறையீட்டு நீதிமன்றம். தவறான கதவைத் தட்டினால் ஆரம்ப ஆட்சேபனையிலேயே வழக்கு விழுந்துவிடும். வேறொரு வியாபாரிக்கு அப்படி ஒன்றரை வருஷம் போனது.

எழுத்தாணை வழக்கில், அதாவது நமது ஆட்கள் றிட் கேஸ் என்று சொல்வதில், நீதிபதி உங்கள் வரைபடத்தை மேசையில் விரித்துப் படிக்கட்டு சரியா, கூரை சரியா என்று பார்ப்பதில்லை. அவர் கேட்பது வேறு கேள்விகள். தவிசாளருக்கு இந்த முடிவை எடுக்க அதிகாரம் இருந்ததா? சட்டம் சொன்ன வழியில் எடுத்தாரா? உங்கள் பக்கத்தைக் கேட்டாரா? நியாயமான புத்தியுள்ள எவரும் எடுக்கமாட்டாத முடிவா இது? இவற்றில் ஒன்றில் சபை தவறியிருந்தால் அந்த முடிவு ரத்தாகும். ரத்தானால் என்ன நடக்கும்? பெரும்பாலும் உங்கள் கோப்பு திரும்ப அதே சபைக்குப் போகும், சட்டப்படி மீண்டும் பரிசீலிக்கச் சொல்லி. ஜெயித்த பிறகும் நீங்கள் நிற்கப்போவது அதே கவுண்டரில்தான்.

இந்த ‘உங்கள் பக்கத்தைக் கேட்டாரா’ என்ற கேள்வி பழைய கேள்வி. 1863இல் லண்டனில் கூப்பர் என்ற ஒருவர் வீடு கட்டிக்கொண்டிருந்தார். அத்திவாரம் வெட்டுவதற்கு ஏழு நாள் முன்பு வான்ட்ஸ்வர்த் பகுதியின் வேலைகள் சபைக்கு அறிவித்தல் கொடுக்க வேண்டும் என்பது சட்டம். கொடுக்காவிட்டால் கட்டடத்தை இடிக்கும் அதிகாரமும் சபைக்குச் சட்டத்திலேயே எழுதப்பட்டிருந்தது. அறிவித்தல் அனுப்பினேன் என்றார் கூப்பர். வரவில்லை என்றது சபை. ஏழு நாள் முடியும் முன்பே வேலையைத் தொடங்கியதை அவரே ஒத்துக்கொண்டார். வீடு இரண்டாம் மாடி வரை எழும்பிய நேரத்தில், ஒரு நாள் மாலை மங்கிய பிறகு, சபை ஆட்களை அனுப்பி வீட்டைத் தரைமட்டமாக்கியது. கூப்பர் வழக்குப் போட்டார். சபைக்கு இடிக்க அதிகாரம் இருந்தது, கூப்பரிடமும் பிழை இருந்தது. இருந்தும் சபை தோற்றது. இடிக்குமுன் ஒரு வார்த்தை கேட்டிருக்க வேண்டும் என்றார்கள் நீதிபதிகள். சட்டத்தில் அப்படி எழுதாவிட்டாலும் பொதுவான நீதி அதை நிரப்பும் என்றார்கள். ஆதம் நபியைக்கூட இறைவன் விசாரித்த பிறகே தீர்ப்பளித்தான் என்று அதற்கும் முந்திய ஒரு கேம்பிரிட்ஜ் வழக்கில் ஒரு நீதிபதி சொன்னது அங்கே எடுத்துக்காட்டப்பட்டது. நமக்கு அந்தச் சம்பவத்தை யாரும் சொல்லித்தர வேண்டியதில்லை. இங்கிலாந்தின் வழக்குச் சட்டம் நம் நாட்டு நீதிமன்றங்களில் இன்றும் எடுத்து வாசிக்கப்படுகிறது.

காரணம் சொல்லாத கடிதத்துக்கும் மருந்து உண்டு. 1990களில் யுனிக் ஜெம் ஸ்டோன்ஸ் என்ற கம்பனி சம்பந்தப்பட்ட வழக்கொன்றில், தொழில் ஆணையாளரின் முடிவைப் பற்றிப் பேசும்போது நமது உயர் நீதிமன்றம் ஒரு விஷயத்தைத் தெளிவாக்கியது. முடிவெடுக்கிறவரிடம் காரணம் இருக்க வேண்டும், கடைசி நீதிமன்றத்துக்கு முன்பாவது அதைக் காட்ட வேண்டும், காட்டாவிட்டால் காரணமே இருக்கவில்லை என்று நீதிமன்றம் கருதிக்கொள்ளலாம். அது தொழிலாளர் விவகாரம்தான். ஆனாலும் பிரதேச சபையின் இரண்டு வரிக் கடிதத்துக்கு எதிராக நிற்கும்போது அது கைகொடுக்கும்.

இனி, நமது ஆட்கள் மாட்டிக்கொள்ளும் இடம். “கட்டுங்க ஹாஜியார், பிறகு பார்த்துக்கலாம்” என்று ஏதோ ஓர் உத்தியோகத்தர் சொல்லியிருப்பார். சில சமயம் அந்த வார்த்தைக்கு ‘சந்தோசம்’ என்ற பெயரில் ஏதாவது கைமாறியும் இருக்கும். லஞ்சம் கொடுத்தவரும் குற்றவாளிதான் என்பதை ஒரு பக்கம் வையுங்கள். அந்த வார்த்தைக்கு நீதிமன்றத்தில் என்ன விலை?

இங்கிலாந்தின் கோர்ன்வால் பகுதியில் 1976இல் வெஸ்டர்ன் ஃபிஷ் புரொடக்ட்ஸ் என்ற மீன் கம்பனி மூடிக்கிடந்த ஒரு தொழிற்சாலையை வாங்கியது. முன்பு நடந்த அதே வகைத் தொழிலை நடத்தப் புது அனுமதி தேவைப்படாது என்பது கம்பனியின் எண்ணம். சபையின் திட்டமிடல் அதிகாரி எழுதிய ஒரு கடிதமும் அதற்கு ஆதரவாக இருப்பதுபோல் தெரிந்தது. வெறும் வாய்வார்த்தை அல்ல, எழுத்தில் வந்த கடிதம். கம்பனி நம்பிப் பணத்தைக் கொட்டித் திருத்த வேலை செய்தது. பிறகு சபை கூடி அனுமதியை மறுத்தது, வேலையை நிறுத்தச் சொல்லி அறிவித்தலும் அனுப்பியது. கம்பனி மேன்முறையீட்டு நீதிமன்றம் வரை போனது. 1978இல் தோற்றது. சட்டம் சபையிடம் கொடுத்த அதிகாரத்தை ஓர் உத்தியோகத்தரின் கடிதம் கட்டிப்போட முடியாது என்பதே தீர்ப்பின் சாரம். எழுத்துக்கே இந்த நிலை என்றால், கந்தோர் வாசலில் சொன்ன வார்த்தைக்கு என்ன நிலை என்று யோசித்துக்கொள்ளுங்கள்.

அனுமதியில்லாமல் கட்டிவிட்டால், அதன் பிறகு வழக்குப் போடுவது நீங்கள் அல்ல. சபை போடும். 1978ஆம் ஆண்டுச் சட்டத்தின் 28ஏ பிரிவின் கீழ் முதலில் அறிவித்தல் வரும்: வேலையை நிறுத்து, அல்லது இத்தனை நாளுக்குள் அகற்று. கேட்காவிட்டால் நீதவான் நீதிமன்றத்தில் இடிப்பதற்கு உத்தரவு கேட்பார்கள். அங்கே போய் நமது ஆட்கள் சொல்லும் காரணங்கள் எனக்கு மனப்பாடம். பக்கத்துக் கடைக்காரனும் கட்டியிருக்கிறான், சபை வேண்டுமென்றே இழுத்தடித்தது, தவிசாளருக்கு என்மேல் கோபம், கடன் வாங்கிக் கட்டினேன், மூன்று பிள்ளைகள். இவையெல்லாம் உண்மையாகவே இருக்கலாம். ஆனால் நீதவானுக்கு முன்னால் இருக்கும் கேள்வி ஒன்றுதான். அனுமதிப்பத்திரம் இருக்கிறதா, இல்லையா? இருந்தால் அதன்படி கட்டினீர்களா? சபையின் மறுப்பு நியாயமா என்று அலசும் இடம் அது அல்ல. அதை அலச வேண்டிய இடம் எழுத்தாணை நீதிமன்றம், அலச வேண்டிய நேரம் கட்டுவதற்கு முன்பு. கட்டிய பிறகு எழுத்தாணை கேட்டுப் போனால், சட்டத்தை மீறிவிட்டுச் சட்டத்தின் உதவியைக் கேட்கிறவராக நிற்பீர்கள்.

சரி, வழக்கைப் போட்டு ஓர் இடைக்காலத் தடையுத்தரவு வாங்கிவிட்டால் தைரியமாகக் கட்டலாமா? இதற்குப் பதில் கொச்சியில் இருக்கிறது. கொச்சிக்கு அருகே மரடு என்ற ஊரில் 2006இல் கிராம பஞ்சாயத்து காயலோரத்தில் அடுக்குமாடிகள் கட்ட அனுமதி கொடுத்தது. கடற்கரை ஒழுங்குமுறை அதிகாரிகளின் சம்மதம் அதில் இல்லை. அடுத்த வருஷமே தவறு தெரிந்து, அனுமதியை ஏன் ரத்துச் செய்யக்கூடாது என்று கட்டுநர்களுக்கு நோட்டீஸ் போனது. அவர்கள் கேரள ஹைகோர்ட்டில் தடை வாங்கினார்கள். தடையை வைத்துக்கொண்டு கட்டி முடித்தார்கள், விற்றார்கள், சனங்கள் குடியேறினார்கள். ஹைகோர்ட்டில் கட்டுநர்களுக்கே வெற்றி. ஆனால் கரையோர அதிகார சபை விடவில்லை. விவகாரம் டில்லி வரை போனது. 2019 மே 8ஆம் திகதி இந்திய உச்ச நீதிமன்றம் எல்லாவற்றையும் இடிக்கச் சொன்னது. 2020 ஜனவரி 11, 12 ஆகிய இரண்டு நாளில் நாலு அடுக்குமாடித் தொகுதிகளும் வெடி வைத்துத் தகர்க்கப்பட்டதை நம்மில் பலர் தொலைக்காட்சியில் பார்த்தோம். 300க்கு மேற்பட்ட குடும்பங்கள் வெளியே. வீடு வாங்கியவர்களுக்கு முதற்கட்டமாக ஆளுக்கு 25 லட்சம் இந்திய ரூபா கொடுக்க உத்தரவானது. காயலைப் பார்த்த வீட்டுக்கு அது எத்தனையில் ஒரு பங்கு என்று வாங்கியவர்களுக்குத்தான் தெரியும். அவர்கள் கையில் பஞ்சாயத்தின் முத்திரை இருந்தது, ஹைகோர்ட் தீர்ப்பும் இருந்தது. அடியில் இருந்த அனுமதி கோணல். நம் ஊரில் கடை அறையோ மாடியோ வாங்குகிறவர்கள் உறுதியை மட்டும் பார்க்காமல் கட்டட அனுமதியையும் எடுத்துப் பார்ப்பது இதனால்தான் நல்லது.

வழக்குத்தான் வழி என்று முடிவானால், மூன்று விஷயத்தில் கவனம் வேண்டும். சட்டத்தரணி சொல்லுவார்தான், ஆனாலும் வியாபாரிக்கே தெரிந்திருப்பது நல்லது.

தாமதம் முதலாவது. எழுத்தாணை மனுவுக்கு இத்தனை நாள் என்று கண்டிப்பான எல்லை இல்லை. அதனால் பலர் ‘நோன்பு முடியட்டும், சீசன் முடியட்டும்’ என்று இருந்துவிடுகிறார்கள். எழுத்தாணை என்பது கேட்டவுடன் கிடைக்கும் உரிமை அல்ல, நீதிமன்றத்தின் தற்றுணிபு. பஸ் கம்பனிகள் அரசுடைமையான காலத்தில் பீ.எஸ். பஸ் கம்பனி, இலங்கைப் போக்குவரத்துச் சபைக்கு எதிராகப் போன வழக்கில் இது உறுதியானது. காரணமில்லாத் தாமதம், மனுதாரரின் சொந்த நடத்தை, நீதிமன்றத்தைத் தவறாக வழிநடத்தியது ஆகிய எதுவும் நல்ல வழக்கையும் கவிழ்க்கும். சமத்துவம் மீறப்பட்டது, பக்கத்துக்காரனுக்குக் கொடுத்ததை எனக்கு மறுத்தார்கள் என்று அடிப்படை உரிமை வழக்காகப் போவதென்றால் கணக்கு இன்னும் இறுக்கம். ஒரே மாதம்தான். அந்த மாதத்துக்குள் மனித உரிமைகள் ஆணைக்குழுவில் முறையிட்டால், அங்கே விசாரணை நடக்கும் காலம் கழிக்கப்படும் என்று 1996ஆம் ஆண்டின் 21ஆம் இலக்கச் சட்டம் சொல்கிறது.

அடுத்தது மறைப்பு. அல்போன்சோ அப்புஹாமி வழக்கு என்று 1970களில் ஒன்று. எழுத்தாணை கேட்டு வருகிறவர் தனக்குப் பாதகமான உண்மையையும் சேர்த்து முழுவதையும் திறந்து வைக்க வேண்டும், மறைத்தால் வழக்கின் நியாயத்துக்குள்ளேயே போகாமல் தள்ளுபடி செய்யலாம் என்று தீர்ந்தது. அத்திவாரம் போட்டுவிட்டீர்களா? மனுவில் சொல்லுங்கள். சபை படம் எடுத்து வைத்திருக்கும்.

மூன்றாவது, யாருக்கு எதிராக? இதில் நமது மலைநாட்டு வழக்கே ஒன்று உண்டு. ஹனிபா என்பவர் நாவலப்பிட்டி நகர சபைத் தவிசாளருக்கு எதிராகக் கொண்டுபோன வழக்கு. 1960களில் தீர்ந்தது. ஒரு கடமையைச் செய்யும்படி கட்டளையிடும் எழுத்தாணை உயிருள்ள ஆளுக்கு எதிராகவே பிறப்பிக்கப்படும். செய்யாவிட்டால் நீதிமன்ற அவமதிப்புக்காகத் தண்டிக்க ஓர் ஆள் வேண்டுமல்லவா? ஆகவே ‘தவிசாளர்’ என்று பதவியை மட்டும் எழுதினால் போதாது, பெயரை எழுத வேண்டும் என்பது அந்தத் தீர்ப்பு. இன்றும் கவனமான சட்டத்தரணிகள் சபை, பதவி, பெயர் மூன்றையும் சேர்த்தே போடுகிறார்கள். சின்ன விஷயம்போலத் தெரியும். 2023 மார்ச்சில் சபைகளின் காலம் முடிந்து, 2025 மே 6ஆம் திகதித் தேர்தலுக்குப் பிறகு புதுச் சபைகள் கூடும் வரை தவிசாளரே இல்லை. அந்த இரண்டு வருஷத்தில் வந்த மறுப்புக் கடிதம் உங்களிடம் இருந்தால், அதில் ஒப்பம் வைத்தது யார், எந்தப் பதவியில் என்பதை முதலில் பாருங்கள்.

இனிச் சொல்லப்போவது சிலருக்குப் பிடிக்காது. எல்லா மறுப்பும் அநியாயம் அல்ல. நமது மலையில் ‘இங்கே கை வைக்காதே’ என்ற பேச்சு இன்று நேற்று வந்ததல்ல. ஐயாயிரம் அடிக்கு மேலுள்ள காடுகளைத் தொடக்கூடாது என்று 1873இலேயே ஜோசப் ஹூக்கர் என்ற தாவரவியல் அறிஞர் வெள்ளைக்கார அரசாங்கத்துக்கு ஆலோசனை சொன்னார். பட்டிப்பொல அதற்கும் ஆயிரம் அடி மேலே. 2011 முதல் மண்சரிவு அபாயமுள்ள மாவட்டங்களில் கட்டட அனுமதிக்கு முன்பு தேசிய கட்டட ஆராய்ச்சி நிறுவனத்தின் அறிக்கை கேட்கிறார்கள். என்.பி.ஆர்.ஓ. ரிப்போட் என்றால் எல்லோருக்கும் தெரியும். அதைப் பலரும் இன்னொரு முட்டுக்கட்டை, இன்னொரு கட்டணம் என்றே பார்த்தார்கள். 2014 அக்டோபர் 29ஆம் திகதி கொஸ்லாந்தை மீரியபெத்தையில் லயன்கள் மண்ணுக்குள் போனபோது, அந்த இடம் ஆபத்து என்று பல வருஷம் முன்பே எச்சரிக்கப்பட்டிருந்தது தெரியவந்தது. 2025 நவம்பர் கடைசியில் டித்வா சூறாவளியின் மழை நுவரெலியா, பதுளை, கண்டி மலைகளை எப்படி அறுத்துக் கொண்டுபோனது என்பதை நான் எழுதத் தேவையில்லை. வாசிக்கிறவர்களில் சிலர் இழந்தவர்கள்.

அதனால் என் அபிப்பிராயம் இது. சரிவு அபாயம் என்ற அறிக்கையின் பேரில் மறுத்திருந்தால் வழக்குக்குப் போகாதீர்கள். பொறியியலாளரின் கருத்துக்கு மேலே நீதிபதி தன் கருத்தை வைக்கமாட்டார், வைக்கவும் கூடாது. அறிக்கை தவறு என்று நினைத்தால் மீண்டும் பரிசோதிக்கக் கேளுங்கள், நீர்வடிகாலையும் தாங்கு சுவரையும் சேர்த்து வரைபடத்தைத் திருத்துங்கள். ஆனால் அறிக்கையே எடுக்காமல் ‘மண்சரிவு’ என்று ஒரு சொல்லை எழுதி மறுத்தால், அல்லது அதே சரிவில் மேலே ஒரு பெரிய ஹோட்டலுக்குக் கொடுத்துவிட்டுக் கீழே உங்களுக்கு மறுத்தால், அது வேறு விஷயம். அங்கே கேள்வி கேட்க நீதிமன்றம் இருக்கிறது.

அனுமதி கிடைத்தவரும் நிம்மதியாகத் தூங்கிவிட முடியாது. உங்கள் அனுமதிக்கு எதிராக அயலவரும் நீதிமன்றம் போகலாம். காலிமுகத்திடலை நகர அபிவிருத்தி அதிகார சபை ஒரு தனியார் கம்பனிக்குக் கொடுத்த ஒப்பந்தத்தை எதிர்த்துச் சுற்றாடல் அமைப்பொன்று போனது. 2005இல் உயர் நீதிமன்றம் அமைப்பின் பக்கம் நின்றது, ஒப்பந்தத்தின் விவரத்தை மறைத்ததையும் கண்டித்தது. தெற்கு அதிவேக நெடுஞ்சாலையின் பாதையை மாற்றியபோது தங்களைக் கேட்கவில்லை என்று காணிக்காரர்கள் போன வழக்கு 2004இல் தீர்ந்தது. கேட்காதது பிழை என்றது உயர் நீதிமன்றம், நட்டஈடும் கொடுக்கச் சொன்னது. ஆனால் பாதை மாறவில்லை. வழக்கில் வெல்வதும் காணியை மீட்பதும் ஒன்றல்ல.

இந்தியாவில் புல்டோசர் வழக்கு என்று பேசப்பட்டதை நமது வாசகர்கள் ஆவலோடு பின்தொடர்ந்தார்கள். 2024 நவம்பர் 13ஆம் திகதி அங்குள்ள உச்ச நீதிமன்றம், ஒருவர் மேல் குற்றச்சாட்டு இருக்கிறது என்பதற்காக அவர் வீட்டை இடிக்க முடியாது, 15 நாள் முன்னறிவித்தலும் விசாரணையும் வேண்டும், மீறும் அதிகாரி தன் கைக்காசில் திருப்பிக் கட்டிக்கொடுக்க நேரிடும் என்றது. நல்ல தீர்ப்பு. ஆனால் நமது ஆட்கள் வசதியாக வாசிக்காமல் விட்ட பகுதியும் அதில் உண்டு. வீதி, நடைபாதை, ரயில் பாதையோரம், நீர்நிலை போன்ற பொது இடங்களில் உள்ள அனுமதியற்ற கட்டடங்களுக்கு அந்தப் பாதுகாப்பு இல்லை. மலைநாட்டில் நமது கடைகளில் எத்தனை வீதியோரத்தை ஒட்டி இருக்கின்றன, ஸ்டேஷன் உள்ள ஊர்களில் எத்தனை புகையிரதக் காணியைத் தொட்டுக்கொண்டு இருக்கின்றன என்று அவரவருக்கே தெரியும்.

அந்த இளைஞர் விஷயத்துக்கு வருகிறேன். வழக்குக்கு முன்பு தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின் கீழ் ஒரு விண்ணப்பம் போடச் சொன்னேன். 2016ஆம் ஆண்டின் 12ஆம் இலக்கச் சட்டம் அது, 2017 பெப்ரவரி முதல் நடைமுறையில் இருக்கிறது. சபையின் தகவல் உத்தியோகத்தர் 14 வேலை நாளுக்குள் தருவதா இல்லையா என்று முடிவு சொல்ல வேண்டும். சட்டத்தரணிக்குக் கொடுக்கும் முதல் கட்டணத்தோடு பார்த்தால் இந்தச் செலவு ஒன்றுமே இல்லை. கேட்டது, தன் கோப்பின் முழுப் பிரதி.

கோப்பு வந்தது. உள்ளே இரண்டு தாள். ஒன்று தொழில்நுட்ப உத்தியோகத்தரின் குறிப்பு: முன்சுவர் வீதிக்கோட்டுக்குள் வருகிறது. மற்றது அயலவர் ஒருவரின் மனு: மேலேயிருந்து வரும் மழைநீர் தன் தோட்டத்துக்குள் இறங்கும். பதினொரு மாதமாக இந்த இரண்டையும் அவருக்கு யாரும் சொல்லவில்லை. எழுத்தாணை கேட்டுப் போக நல்ல காரணம்தான், சட்டத்தரணியும் அப்படித்தான் சொன்னார். ஆனால் கடனுக்கு வட்டி மாதாமாதம் ஓடுகிறது, வழக்கு எப்போது முடியும் என்று எந்தச் சட்டத்தரணியும் திகதி சொல்லமாட்டார். அவர் சுவரைப் பின்னுக்கு எடுத்தார், வடிகாலைப் பாதைக் கானோடு இணைத்து வரைந்தார், என்.பி.ஆர்.ஓ. அறிக்கையையும் எடுத்து வைத்துப் புது விண்ணப்பம் போட்டார். கூடவே சட்டத்தரணியின் கடிதம் ஒன்று, பதிவுத் தபாலில்: மறுப்பதென்றால் காரணத்தோடு எழுத்தில் தரவும். அடுத்த திட்டமிடல் குழுக் கூட்டத்தில் பாஸானது. நாலு அறை இரண்டாகிவிட்டது. வங்கிக் கணக்கைத் திரும்பப் போட்டுப் பார்த்து, “ஏழு வருஷத்துல முடியிற கடன் பதினொண்டு ஆகும் நானா” என்றார். நகை இன்னும் அடகில் இருக்கிறது.

தோட்டக் கடைவீதிகளில் இருக்கும் நமது வியாபாரிகளுக்கு இதில் எதுவுமே பொருந்தவில்லை என்று தோன்றலாம். உண்மைதான். 1970களில் தோட்டங்கள் அரசுடைமையாகி, 1992இல் நிர்வாகம் பிராந்தியக் கம்பனிகளிடம் போனது. மண் அரசின் மண். மூன்று தலைமுறையாகக் கடை நடத்துகிறவரிடமும் உறுதி இல்லை, வாடகைத் துண்டுதான். உறுதியோ குத்தகைப் பத்திரமோ காணிச் சொந்தக்காரரின் எழுத்துச் சம்மதமோ இல்லாமல் சபை விண்ணப்பத்தைக் கையிலேயே வாங்காது, வாங்காத விண்ணப்பத்துக்காக எழுத்தாணை கேட்பதும் லேசல்ல. அவர்கள் போக வேண்டிய இடம் முதலில் தோட்ட முகாமைத்துவம், பிறகு காணிக்குப் பொறுப்பான அரச நிறுவனம். ஒருவர் இருவராக அல்ல, கடைவீதி முழுவதும் சேர்ந்து போக வேண்டும். தகரத்தைக் கழற்றிச் சீற் போடும் சின்னத் திருத்தத்தைக்கூட எழுத்தில் கேட்டு, வந்த பதிலைப் பத்திரப்படுத்தி வையுங்கள்.

பாஸான பிளானின்படி கட்டி முடித்த பிறகும் ஒரு தாள் மிச்சம் இருக்கிறது. இணக்கச் சான்றிதழ். அது கையில் இல்லாமல் கட்டடத்தில் குடியிருக்கக்கூடாது என்று அதே 1915ஆம் ஆண்டுச் சட்டத்தின் 15ஆம் பிரிவு சொல்கிறது. வங்கியும் காப்புறுதிக் கம்பனியும் அதைக் கேட்கும்போது என்ன செய்வது என்று அடுத்த வாரம், இன்ஷா அல்லாஹ்.